புட்டி வாங்கும் முன் ஒரு கேள்வி

பேறுகாலம் நெருங்கும் வீடுகளில் இப்போது இரண்டு பட்டியல்கள் எழுதப்படுகின்றன. ஒன்று, மருத்துவமனைக்கு எடுத்து வர வேண்டிய துணிமணிகளின் பட்டியல். மற்றொன்று, பிறக்கப்போகும் குழந்தைக்கு வாங்க வேண்டிய பொருள்களின் பட்டியல். இரண்டாவது பட்டியலில் பால் புட்டி தவறாமல் இடம்பெறுகிறது. வளைகாப்புக்கு வருவோர் புட்டி, நிப்பிள், அவற்றைக் கழுவும் தூரிகை ஆகியவை அடங்கிய பெட்டியைப் பரிசாகத் தருவதும் பெருகியுள்ளது. குழந்தை பிறக்கும் முன்பே, அதற்குத் தேவைப்படுமா என்று எவருக்கும் தெரியாத ஒரு பொருள் வீட்டு அலமாரியில் காத்திருக்கிறது.

பச்சிளங்குழந்தைகள் பிரிவில் பணிபுரியும் செவிலியர்களிடம் குடும்பத்தார் அடிக்கடி கேட்கும் கேள்வி, "எந்தப் புட்டி நல்லது, சிஸ்டர்?" என்பதே. கேட்பவரின் அக்கறையில் குறையில்லை. ஆயினும் அந்தக் கேள்விக்கு முன்னதாகக் கேட்கப்பட வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: "பால் படுகின்ற இடம் முழுவதையும் கண்ணால் பார்த்து, கையால் தேய்த்து, நள்ளிரவு இரண்டு மணிக்கும் கழுவ முடிந்த பாத்திரம் எது?" விலை, நிறுவனத்தின் பெயர், பெட்டியின் மேல் அச்சிட்டுள்ள வாசகங்கள் ஆகிய யாவும் இதற்குப் பின்னரே வரத்தக்கவை. இந்த ஒரே அளவுகோலைக் கைக்கொண்டால், தாயிடம் நேரடியாகப் பால் குடிக்க இயலாத குழந்தைக்கு நம் வீடுகளில் முதலில் எடுக்க வேண்டியது சங்கு என்பதும், புட்டி அதற்குப் பிந்தியது என்பதும் தெளிவாகும். இக்கட்டுரையின் கருத்து இதுவே.

பெயர் சொல்லாததன் காரணம்

இவ்விதழில் எந்த நிறுவனத்தின் புட்டியையும் பெயர் குறித்துப் பரிந்துரைக்கமாட்டோம். தாய்ப்பாலுக்கு மாற்றாக விற்கப்படும் பொருள்களின் விற்பனைமுறை குறித்த பன்னாட்டு நெறிமுறை 1981-ஆம் ஆண்டு உருவானது. அதனைத் தொடர்ந்து இந்திய அரசு 1992-ஆம் ஆண்டு ஒரு தனிச் சட்டத்தை இயற்றி, 2003-ஆம் ஆண்டு அதனைத் திருத்தி மேலும் கடுமையாக்கியது. குழந்தைகளுக்கான பால் பவுடரோடு பால் புட்டியும் அச்சட்டத்தின் வரம்புக்குள் வருகிறது. புட்டிக்கு விளம்பரம் செய்தல் கூடாது. தாய்மாருக்கு இலவச மாதிரி வழங்குதல் கூடாது. மருத்துவமனை வளாகத்தில் அவற்றைக் காட்சிக்கு வைத்தலும் சுவரொட்டி ஒட்டுதலும் கூடாது. பால் பவுடர் டப்பாவின் மேல் குழந்தையின் படமோ பெண்ணின் படமோ அச்சிடுதலும் கூடாது.

ஒரு பாத்திரத்துக்காக நாடாளுமன்றம் ஏன் இத்துணைக் கண்டிப்பான சட்டம் இயற்ற வேண்டும் என்று சிலர் வியப்பதுண்டு. தூய நீரும் தடையில்லா எரிபொருளும் கழுவ ஆளும் இல்லாத வீட்டில் புட்டி எளிதில் கிருமிகளின் இருப்பிடமாகிவிடும். அதன் விளைவு வயிற்றுப்போக்கு. வயிற்றுப்போக்கின் விளைவு நீரிழப்பு. பெரியவர்களுக்கு ஒரு நாள் அயர்ச்சியாகக் கழியும் நோய், மூன்று கிலோ எடையுள்ள குழந்தைக்கு உயிர்ப்பிரச்சினையாகிவிடக்கூடும். சட்டத்தின் கண்டிப்புக்குப் பின்னால் நிற்பது இந்த அச்சமே.

தேவைதானா என்பதே முதற்படி

பிறந்த ஒரு மணி நேரத்துக்குள் தாய்ப்பால் தொடங்க வேண்டும். முதல் 6 மாதங்களுக்குத் தாய்ப்பாலைத் தவிர வேறெதுவும், தண்ணீர்கூட, வேண்டியதில்லை. பின்னர்த் துணையுணவுடன் 2 வயது வரையும் அதற்கு மேலும் தாய்ப்பால் தொடரலாம். உலக சுகாதார நிறுவனத்தின் இந்த அறிவுரையை நம் மருத்துவமனைச் சுவர்களில் அனைவரும் படித்திருப்பீர்கள். படித்த பின்னரும் பல வீடுகளில் புட்டி இரண்டாம் நாளிலேயே வெளியே வந்துவிடுகிறது. குழந்தை அழுகிறது, தாய்க்குப் பால் இன்னும் பெருகவில்லை என்று சுற்றியிருப்போர் முடிவு கட்டுகின்றனர், அலமாரியில் காத்திருக்கும் புட்டி கைக்கு எளிதாகக் கிடைக்கிறது.

இங்கே ஒரு கணக்கை நினைவில் கொள்ளுதல் நலம். முதல் நாளில் குழந்தையின் இரைப்பை ஒரு வேளைக்குக் கொள்ளும் அளவு ஏறத்தாழ ஒரு தேக்கரண்டிதான். சிறிதளவே சுரக்கும் சீம்பால் அந்த அளவுக்குப் பொருத்தமானது. ஐந்தாம் நாளுக்குப் பின் ஒரு நாளில் ஆறு முறையேனும் சிறுநீர் கழிக்கும் குழந்தை, இரண்டு வாரங்களுக்குள் பிறந்த எடையை மீட்டுக்கொள்ளும் குழந்தை, போதிய பால் பெறுகிறது என்றே கொள்ளலாம். அழுகை ஒன்றை மட்டுமே பால் பற்றாக்குறைக்குச் சான்றாகக் கொள்ளுதல் தகாது. இவ்விரண்டு அளவுகளும் குறைந்தால் மருத்துவரைக் காண வேண்டும்; கடைக்குச் செல்வது அதன் பின்னரே.

பால் சுரப்பு என்பது தேவைக்கேற்ப அமைவது. குழந்தை எவ்வளவு அடிக்கடி குடித்து மார்பைக் காலி செய்கிறதோ, அவ்வளவுக்குச் சுரப்பு பெருகும். இடையில் புட்டி புகுந்தால் குழந்தை தாயிடம் குடிக்கும் வேளைகள் குறைகின்றன. வேளைகள் குறையச் சுரப்பும் குறைகிறது. சுரப்புக் குறைவே பின்னர்ப் புட்டிக்கு நியாயமாகிறது. மேலும், தாயிடம் குடிக்கும் குழந்தை வாயை அகலத் திறந்து, நாவையும் தாடையையும் இயக்கி உழைத்துக் குடிக்க வேண்டும். நிப்பிளிலோ பால் எளிதாக வந்துவிடுகிறது. எல்லாக் குழந்தைகளும் இதனால் தடுமாறுவதில்லை. எனினும் முதல் சில வாரங்களில் தடுமாறும் குழந்தைகளை எங்கள் பிரிவில் தொடர்ந்து பார்த்து வருகிறோம்.

பழைய புட்டி ஒன்று சொல்லும் பாடம்

19-ஆம் நூற்றாண்டில் ஐரோப்பாவில் ஒருவகைக் கண்ணாடிப் புட்டி பெருவழக்கில் இருந்தது. அதன் வாயிலிருந்து நீண்ட ரப்பர்க் குழாய் ஒன்று வெளிவரும். குழாயின் நுனியில் நிப்பிள் இருக்கும். தொட்டிலில் படுத்திருக்கும் குழந்தை எவருடைய துணையுமின்றித் தானே உறிஞ்சிக் குடிக்கலாம் என்பதால் வேலை மிகுந்த வீடுகள் அதனை விரும்பி வாங்கின. ஆனால் அந்தக் குழாயின் உட்புறத்தை எந்தத் தூரிகையாலும் தேய்க்க இயலாது. உள்ளே தங்கிய பாலில் கிருமிகள் பெருகின, குழந்தைகள் நோயுற்றன. ஆங்கிலேயர் அதற்குப் பின்னாளில் இட்ட பெயர் 'கொலைப்புட்டி' என்பதாகும். மருத்துவர்கள் கண்டித்தும், வசதி கருதி மக்கள் அதனை வாங்கிக்கொண்டே இருந்தனர். பிரான்சு நாடு 1910-ஆம் ஆண்டு சட்டம் இயற்றித்தான் அதன் விற்பனையை நிறுத்தியது.

அதற்கு மாற்றாக வந்தது படகு வடிவப் புட்டி. இரண்டு முனைகளும் திறந்தவை. நிப்பிளையும் மூடியையும் கழற்றிவிட்டால் ஒரு முனையில் ஊற்றிய நீர் மறு முனை வழியே ஓடிவிடும். அறிவியல் முன்னேறியதால் புட்டியில் உறுப்புகள் கூடவில்லை. மாறாகக் குறைந்தன என்பது கவனிக்கத்தக்கது.

இன்றைய கடைகளில் மீண்டும் உறுப்புகள் கூடியுள்ளன. புட்டி, நிப்பிள், நிப்பிளைப் பிடிக்கும் வளையம், மேல்மூடி, காற்றை வெளியேற்றும் வால்வு என ஐந்து உறுப்புகள் கொண்ட ஒரு புட்டியை எடுத்துக்கொள்வோம். பச்சிளங்குழந்தை ஒரு நாளில் எட்டு வேளையேனும் பால் குடிக்கும். ஒவ்வொரு வேளைக்கும் ஐந்து உறுப்புகள் எனில், ஒரு நாளில் கழுவிக் கொதிக்க வைக்க வேண்டியவை நாற்பது. சங்கில் புகட்டினால் எட்டு. இந்த நாற்பதுக்கும் எட்டுக்கும் உள்ள இடைவெளி, பிரசவித்துப் பத்து நாளும் ஆகாத ஒரு பெண்ணின் உறக்கத்திலிருந்து எடுக்கப்படுகிறது. விலைச் சீட்டில் இந்தச் செலவு எழுதப்படுவதில்லை.

நம் வீட்டுச் சங்கு

சங்கு, பாலாடை என்று நாம் அழைக்கும் அந்தச் சிறு பாத்திரத்துக்கு இடுக்கு இல்லை, மூலை இல்லை, மூடி இல்லை. உட்புறம் முழுவதும் கண்ணுக்குத் தெரியும். ஒரு விரலால் தேய்த்துவிடலாம். எவர்சில்வர்ச் சங்கின் விலை குறைவு; அது உடைவதுமில்லை. பாலாடை என்ற சொல்லையே ஆங்கில மருத்துவ ஆய்வேடுகள் எடுத்து ஆள்கின்றன. குறைமாதக் குழந்தைகளுக்கும் எடை குறைந்த குழந்தைகளுக்கும் பீய்ச்சிய தாய்ப்பாலைப் புகட்ட இந்தியாவின் பச்சிளங்குழந்தைப் பிரிவுகள் பலவற்றில் இது நாள்தோறும் பயன்படுகிறது.

பாலாடை, கிண்ணம், புட்டி ஆகிய மூன்றையும் ஒப்பிட்டு இந்திய மருத்துவர்கள் 1999-ஆம் ஆண்டு வெளியிட்ட ஓர் ஆய்வில், பாலாடையில் புகட்டப்பட்ட குழந்தைகளே குறைந்த நேரத்தில் கூடுதலான பால் குடித்து அமைதியாகவும் இருந்தன. மறுபக்கத்தையும் சொல்லுதல் முறை. பிரிட்டனில் 2007-ஆம் ஆண்டு வெளியான ஓர் ஒப்பீட்டில், பாலாடையில் பால் மிகுதியாகச் சிந்தியதும், குறைமாதக் குழந்தைகள் புட்டியைக் காட்டிலும் அதில் சிரமப்பட்டதும் பதிவாயின. இரண்டையும் சேர்த்துப் படிக்கும்போது எனக்குத் தோன்றுவது, பாத்திரம் எவ்வளவு எளியதோ, அவ்வளவுக்குப் புகட்டுபவரின் கைப்பழக்கம் முதன்மை பெறுகிறது என்பதே. அந்தக் கைப்பழக்கம் நம் வீட்டுப் பாட்டிமார் பலரிடம் இன்னும் இருக்கிறது. இல்லாதவர்க்கு இரண்டு மூன்று நாள்களில் கற்றுத்தர இயலும்.

முறை இதுதான். குழந்தை நன்கு விழித்திருக்க வேண்டும். மடியில் தலை நிமிர்ந்து, ஏறத்தாழ உட்கார்ந்த நிலையில் பிடிக்க வேண்டும். சங்கின் மூக்கைக் கீழுதட்டின் மேல், வாயின் ஓரமாக மெல்ல வைத்துச் சிறிது சாய்க்க வேண்டும். குழந்தை விழுங்கிய பின்னரே அடுத்த சொட்டு. வாயை மூடிக்கொண்டாலோ முகத்தைத் திருப்பிக்கொண்டாலோ நிறுத்திவிட வேண்டும். குழந்தையைக் கால்மேல் மல்லாக்கப் படுக்கவைத்து, கன்னத்தை அழுத்தி, மடக்கென்று ஊற்றும் பழைய வழக்கம் பெருந்தீங்கானது. பால் மூச்சுக்குழலில் புகுந்து புரையேறக்கூடும். சங்கைப் பரிந்துரைக்கும் நான் அந்த வழக்கத்தை ஒருபோதும் பரிந்துரைக்கமாட்டேன்.

சங்கில் முன்னர் ஊற்றப்பட்டவற்றையும் பிரித்துப் பார்க்க வேண்டும். சர்க்கரைத் தண்ணீர், தேன், கழுதைப்பால், உரைமருந்து ஆகியன பச்சிளங்குழந்தைக்கு ஆகா. தேனில் இருக்கக்கூடிய ஒருவகைக் கிருமியின் வித்துகள் குழந்தையின் குடலில் நஞ்சை உண்டாக்கவல்லவை. ஆகவே ஒரு வயது நிறையும் வரை தேன் தொட்டு வைத்தலும் வேண்டாம். பாத்திரம் நல்லது என்பதால் அதனுடன் வந்த வழக்கங்கள் யாவும் நல்லவை ஆகிவிடா.

சங்கு வாங்கும்போது உட்புறம் வழவழப்பாக உள்ளதா என்று பார்க்கவும். சீராக வரும் வெள்ளிச் சங்கில் பூவேலைப்பாடு இருந்தால் அதனைச் சடங்குக்கு வைத்துக்கொண்டு, நாள்தோறும் புகட்ட எவர்சில்வர்ச் சங்கைப் பயன்படுத்தவும். செம்பு, பித்தளைப் பாத்திரங்களில் குழந்தைக்கான பாலைக் காய்ச்சுதலும் வைத்திருத்தலும் கூடாது. முன்னாளில் இந்தியக் குழந்தைகளைத் தாக்கிய கொடிய கல்லீரல் சுருக்க நோய்க்கும் அத்தகைய பாத்திரங்களிலிருந்து பாலில் கலந்த செம்புக்கும் தொடர்பு இருந்ததாக மருத்துவ ஆய்வுகள் காட்டியுள்ளன.

புட்டியே வேண்டியிருக்கும் வீடுகள்

எல்லா வீடுகளும் ஒன்றுபோல் அமைவதில்லை. தாயை இழந்த குழந்தை, தத்தெடுக்கப்பட்ட குழந்தை, தாய் உட்கொள்ளும் மருந்தின் காரணமாகத் தாய்ப்பால் பெற இயலாத குழந்தை, இரட்டையர், நெடுநேரம் வேலைக்குச் செல்லும் தாயின் குழந்தை என எத்தனையோ நிலைகள் உண்டு. 2017-ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி மகப்பேறு விடுப்பு 26 வாரங்கள் என்றாலும், கட்டட வேலைக்கும் வீட்டு வேலைக்கும் செல்லும் பெண்களை அது சென்றடைவதில்லை. அண்ணப்பிளவுடன் பிறந்த குழந்தைகள் பலவற்றால் உறிஞ்ச இயலாது. மெல்ல அழுத்தினால் பால் வரும் தனிவகைப் புட்டி அவர்களுக்கு ஒரு மருத்துவக் கருவியாகும். இத்தகைய வீடுகளில் புட்டி ஏந்தும் தாயை எவரும் குறைத்துப் பேச இடமில்லை. மருத்துவமனை ஊழியராகிய எங்களுக்கும் இது பொருந்தும். அவர்களுக்கு வேண்டியது கண்டனமன்று; தெளிவான வழிகாட்டுதல்.

புட்டி வாங்குவோர் பின்வருவனவற்றைக் கவனித்தல் வேண்டும். அகன்ற வாயும், உள்ளே வளைவு நெளிவு இல்லாத நேரான உடலும் கொண்ட புட்டியைத் தேர்க. கைப்பிடி, பொம்மை வடிவம், உட்குழாய், வால்வு ஆகியவை இல்லாதது சிறப்பு. அளவுக்கோடுகள் எளிதில் அழியாதவையாக இருத்தல் வேண்டும். தொடக்க மாதங்களுக்கு 125 மில்லிலிட்டர் கொள்ளும் சிறிய புட்டியே போதும். பெரிய புட்டியில் மிச்சமிருப்பதைக் காணும் கைகள் குழந்தையை வற்புறுத்தத் தொடங்கிவிடும்.

புட்டியில் இந்தியத் தர அமைவனத்தின் ஐ.எஸ்.ஐ. முத்திரை உள்ளதா என்று பார்க்கவும். அம்முத்திரை இல்லாத புட்டியை விற்பதையே 1992-ஆம் ஆண்டுச் சட்டம் தடை செய்கிறது. முன்னர்ப் புட்டிகள் பாலிகார்பனேட் என்னும் பிளாஸ்டிக்கால் செய்யப்பட்டன. அதிலிருந்து பிஸ்பினால்-ஏ என்னும் வேதிப்பொருள் பாலில் கசியக்கூடும் என்பதால் ஐரோப்பிய ஒன்றியம் 2011-ஆம் ஆண்டும், அமெரிக்கா 2012-ஆம் ஆண்டும் குழந்தைப் புட்டிகளில் அதனை விலக்கின. இந்தியாவிலும் 2015-ஆம் ஆண்டின் தர அளவீடு அதனை விலக்கியது. ஆகவே பரணில் கிடக்கும் பழைய புட்டியை, அண்ணன் குடித்தது என்ற பாசத்துடன் தம்பிக்கு எடுக்க வேண்டாம்.

இப்போது பெரிதும் விற்கப்படுவது பாலிபுரோப்பிலீன் புட்டி. அடியில் முக்கோணத்துக்குள் 5 என்ற எண் இருக்கும். இவ்வகைப் புட்டிகளை ஆராய்ந்த டப்ளின் டிரினிட்டி கல்லூரி அறிஞர்கள், ஒரு லிட்டருக்கு 1 கோடியே 60 லட்சம் வரையில் நுண்பிளாஸ்டிக் துகள்கள் வெளியாவதாக 2020-ஆம் ஆண்டு தெரிவித்தனர். நீரின் சூடு கூடக் கூடத் துகள்களும் கூடின. குழந்தைக்கு அவற்றால் விளையும் தீங்கை அந்த ஆய்வு அளக்கவில்லை. ஆதலால் அஞ்சி நடுங்க வேண்டியதில்லை. எனினும் எளிய ஒரு முன்னெச்சரிக்கை கையில் உள்ளது: சூடான பாலைப் புட்டியில் ஊற்றாமல், எவர்சில்வர்ப் பாத்திரத்தில் தயாரித்து, ஆறிய பின் புட்டிக்கு மாற்றலாம். கண்ணாடிப் புட்டி இக்கவலையைத் தவிர்க்கும். ஆனால் கனமும் உடையும் தன்மையும் அதற்கு உண்டு.

நிப்பிளின் மேல் 'மெதுவான ஓட்டம்' என்று எழுதியிருப்பதை முற்றிலும் நம்ப இயலாது. ஒரு நிறுவனத்தின் மெதுவான நிப்பிள் மற்றொன்றின் வேகமான நிப்பிளாக இருக்கக்கூடும். புட்டியைக் கவிழ்த்தால் பால் தாரையாக ஒழுகாமல் சொட்டாக விழ வேண்டும். குழந்தையின் வாயோரத்தில் பால் வழிந்தாலோ, மூச்சு வாங்கினாலோ அந்த நிப்பிள் ஆகாது. ஊசியைச் சூடாக்கித் துளையைப் பெரிதாக்கும் வழக்கம் அறவே வேண்டாம். வெடிப்பு, ஒட்டும் தன்மை, நிறமாற்றம் தெரிந்த அன்றே நிப்பிளை மாற்றிவிடுக. 'வயிற்றுவலி தடுக்கும்' என்ற வாசகத்துக்காகக் கூடுதல் விலை தருதல் தேவையற்றது. குழந்தைகளின் அந்தி நேர அழுகை பெரும்பாலும் மூன்று நான்கு மாதங்களில் தானே அடங்கிவிடும்.

கழுவுதலும் தயாரித்தலும்

பாலில் உள்ள கொழுப்பு உலர்ந்து ஒட்டிக்கொண்டால் கொதிநீரும் அதனை முழுதாக அகற்றாது. ஆகவே முதலில் கழுவுதல், பின்னரே கொதிக்கவைத்தல். எல்லா உறுப்புகளையும் கழற்றி, சோப்பும் தூரிகையும் கொண்டு தேய்த்து, ஓடும் நீரில் அலசி, பின் பெரிய பாத்திரத்தில் நீர் மூடும்படி அமிழ்த்தி, நீர் கொதிக்கத் தொடங்கியதிலிருந்து 10 நிமிடம் கொதிக்கவிட வேண்டும். சங்குக்கும் இதுவே முறை. மின்சார ஸ்டெரிலைசர் வாங்க இயலாத வீட்டுக்கு இதில் எந்தக் குறையும் இல்லை.

பால் பவுடர் கிருமி நீக்கம் செய்யப்பட்ட பொருள் என்று பலரும் எண்ணுகின்றனர், அது உண்மையன்று. ஆகவேதான் 70 பாகை செல்சியசுக்குக் குறையாத சூட்டில் உள்ள நீரில் அதனைக் கலக்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2007-ஆம் ஆண்டு வழிகாட்டியது. கொதித்து இறக்கி அரைமணி நேரத்துக்குள் உள்ள நீரைப் பயன்படுத்துக. கலந்தபின் விரைவாக ஆறவைத்து, மணிக்கட்டில் சொட்டுவிட்டுச் சூடு பார்த்துப் புகட்டுக. இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைத்திருக்கலாகாது. குடித்து மிஞ்சியதைக் கொட்டிவிட வேண்டும். டப்பா சீக்கிரம் தீர்ந்துவிடுகிறது என்று நீரைக் கூட்டுதல் குழந்தையைப் பட்டினி போடுவதற்கு ஒப்பாகும். விலை தாங்க முடியவில்லை எனில் தயங்காமல் எங்களிடம் சொல்லுங்கள்.

பீய்ச்சிய தாய்ப்பால் 25 பாகை செல்சியசு வெப்பத்தில் 4 மணி நேரம் வரை கெடாது. நம் ஊர்க் கோடையில் அறைவெப்பம் அதனைக் கடந்துவிடுவதால் விரைவாகப் புகட்டிவிடுதலே நலம். குளிர்பதனப் பெட்டியில் நெடுநேரம் வைக்கலாம் என்றாலும், மின்தடையும் அடிக்கடி கதவு திறத்தலும் உள்ள வீடுகளில் 24 மணி நேரத்துக்குள் பயன்படுத்திவிடுவதே பாதுகாப்பு. பால் எடுக்கும் பம்ப்புக்கும் நம் அளவுகோல் பொருந்தும். ரப்பர் உருண்டையை அழுத்தும் மலிவான பம்ப்பில் பால் உருண்டைக்குள் புகுந்துவிடும், அதனை உள்ளே கழுவ வழியில்லை, வாங்க வேண்டாம். சோப்பிட்டுக் கழுவிய தாயின் கையே செலவில்லாத, எளிதில் தூய்மையாகும் கருவி. கையால் பால் பீய்ச்சும் முறையைப் பேறுகாலப் பிரிவின் செவிலியர் எவரும் கற்றுத்தருவர்.

கழுவும் கை யாருடையது?

பாத்திரத்தைத் தேர்ந்தெடுப்பதில் வீட்டிலுள்ள அனைவரும் கருத்துரைக்கின்றனர். அதனைக் கழுவும் பொறுப்பு மட்டும் அறுவைத் தழும்பு ஆறாத தாயிடமோ முழங்கால் வலிக்கும் பாட்டியிடமோ சேர்ந்துவிடுகிறது. களைத்த கை விரைவாகக் கழுவும். விரைவாகக் கழுவிய பாத்திரத்தில் பால் தங்கும். ஆகவே இது குழந்தையின் உடல்நலம் பற்றிய கேள்வியே. புட்டி வாங்கிவரும் தந்தை, இரவு வேளைக்கான பாத்திரங்களைக் கழுவிக் கொதிக்கவைக்கும் பொறுப்பையும் ஏற்றுக்கொண்டால், அந்த வீட்டில் எந்தப் பாத்திரமும் பாதுகாப்பானதாகும். அவ்வாறு ஏற்க ஆள் இல்லாத வீட்டில் எந்த விலையுயர்ந்த புட்டியும் பாதுகாப்பானதன்று.

வளைகாப்புக்குப் பரிசு தேடும் உறவினருக்கும் ஒரு வேண்டுகோள். புட்டிப் பெட்டிக்கு மாற்றாக, பிரசவித்த பெண்ணுக்கு நான்கு நாள் சமைத்துக் கொடுங்கள். மூத்த குழந்தையைப் பள்ளிக்கு அழைத்துச் செல்லுங்கள். அவள் குழந்தையுடன் படுத்திருக்கும் ஒவ்வொரு மணி நேரமும் பால் சுரப்புக்கு உதவும்.

ஆறு மாதம் நிறைந்தபின் கிண்ணமும் கரண்டியும் போதுமானவை. கேழ்வரகுக் கஞ்சியைப் புட்டியில் அடைத்துப் புகட்டுதல் வேண்டாம். புரையேறும் இடர் ஒருபுறம், மென்று விழுங்கக் கற்காத நிலை மறுபுறம். புட்டியை வாயில் வைத்தபடி உறங்கும் குழந்தைக்குப் பற்சொத்தை எளிதில் வரும். ஒரு வயதிலிருந்து ஒன்றரை வயதுக்குள் புட்டியை முற்றிலும் நிறுத்திவிடுதல் நலம்.

வீடு திரும்பும் நாளில், எந்தப் புட்டி வாங்கலாம் என்று கேட்கும் முன், "சங்கில் புகட்ட எனக்குக் கற்றுத்தருவீர்களா?" என்று எங்கள் செவிலியரிடம் கேளுங்கள். கால்மணி நேரம் போதும்; எங்கள் முன்னிலையில் ஒரு வேளை நீங்களே புகட்டிப் பார்த்துவிட்டுப் புறப்படலாம். அதன் பின்னரும் புட்டி தேவையெனில், மேற்சொன்ன ஒரே கேள்வியுடன் கடைக்குச் செல்லுங்கள்.